மான்கூர்டு வரை போய்த் திரும்பி

பம்பாயில் ரயிலில் உட்கார்ந்து போக வேண்டுமென்றால் முதலில் எதிர்த் திசையில் போக வேண்டும். இதை வெளியூர்க்காரர்களிடம் சொன்னால் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். அறுபதுகளில் செம்பூர் ஸ்டேஷனில் காலை எட்டரை மணிக்கு, ஆபீஸ்களெல்லாம் இருக்கிற மறுகோடி ஸ்டேஷனான வி.டி.க்குப் போகும் வண்டியில் ஏறிப் பார்த்தவர் யாரும் சிரிக்க மாட்டார்கள். வண்டி வரும்போதே கதவில் ஆள் தொங்கும். லேடீஸ் பெட்டியும் அதே லட்சணம்தான். என்ன, அங்கே தொங்குகிறவர்கள் புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு தொங்குவார்கள். அதனால் விவரம் தெரிந்தவர்கள் எதிர்ப் பக்கம் போய், மான்கூர்டு போகிற காலி வண்டியில் ஏறிக்கொள்வார்கள். நடுவில் கோவண்டி ஒன்றுதான். மான்கூர்டில் லைன் முடிந்துவிடும். அங்கே இறங்காமல் அப்படியே உட்கார்ந்திருந்தால் அதே வண்டி வி.டி.க்குத் திரும்பும். மறுபடி செம்பூர் வரும்போது நாம் ஜன்னலோரம் ராணி மாதிரி உட்கார்ந்திருக்கலாம். இதற்கு எங்கள் பக்கத்தில் ‘ரிட்டர்ன் அடிக்கிறது’ என்று பேர்.

நான் ரிட்டர்ன் அடித்தது எனக்காக இல்லை. எனக்கு அப்போது பத்தொன்பது வயது. கம்பியைக்கூடப் பிடிக்காமல் நின்றுகொண்டே வி.டி. வரைக்கும் போவேன். அடித்ததெல்லாம் அக்காவுக்காக.

அக்கா என்னைவிட நாலு வயது மூத்தவள். ஊரில் இருந்தபோது, அவளுக்குப் பத்து வயதில், ஒரு காய்ச்சல் வந்து முழங்காலும் மணிக்கட்டும் வீங்கிக்கிடந்தாளாம். காய்ச்சல் போய்விட்டது, வீக்கமும் போய்விட்டது, எல்லாரும் மறந்துவிட்டார்கள். பம்பாய்க்கு வந்து பல வருஷம் கழித்துத்தான் அவள், நாங்கள் குடியிருந்த சால் என்கிற வரிசை வீட்டுக் கட்டடத்தின் மாடிப்படியில் பாதியில் உட்கார ஆரம்பித்தாள். முதலில் விளையாட்டுக்கு என்று நினைத்தோம். அப்புறம் ஒரு டாக்டர் குழாயை நெஞ்சில் வைத்து ரொம்ப நேரம் கேட்டுவிட்டு, இதயத்துக்குள் ஒரு வால்வு சுருங்கிப்போயிருக்கிறது, அந்தப் பழைய காய்ச்சலின் வேலை என்று சொன்னார். விரலை உள்ளே விட்டு அதை விரித்துவிடுகிற ஆபரேஷன் இதே பம்பாயில் செய்கிறார்களாம். அதற்கு ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் பேரைப் பதிந்து, புதன்கிழமைதோறும் போய்க் காட்டிக்கொண்டு, பெட் கிடைக்கும் வரை காத்திருக்க வேண்டும்.

அப்பா குர்லாவில் ஒரு ஒர்க்‌ஷாப்பில் ஃபிட்டர். புதன்கிழமைதோறும் லீவு போட முடியாது. அம்மாவுக்கு ஹிந்தி ஒரு வார்த்தை வராது. நான் எஸ்.எஸ்.சி. முடித்துவிட்டு தாதரில் டைப்பிங் கிளாஸ் போய்க்கொண்டிருந்தேன். ஆகவே புதன்கிழமை என் தலையில் விழுந்தது. அப்படித்தான் அப்போது சொல்லிக்கொண்டிருந்தேன், ‘என் தலையில் விழுந்தது’ என்று. இப்போது எழுதும்போது என் வாயிலேயே ஒன்று போடலாம் போலிருக்கிறது.

முதல் தடவை போனபோது எங்களுக்கு ரிட்டர்ன் அடிக்கத் தெரியாது. செம்பூரிலேயே முட்டி மோதி ஏறினோம். குர்லா தாண்டுவதற்குள் அக்காவின் உதடு நீலம் பாரித்துவிட்டது. கம்பியில் நெற்றியை வைத்துக்கொண்டு நின்றாள். எனக்குப் பயம் வந்துவிட்டது. பெஞ்சில் கால் பரப்பி உட்கார்ந்திருந்த ஒரு அம்மாளிடம், எனக்குத் தெரிந்த ஹிந்தியில், “தோடா ஜகா தோ, மேரீ பெஹன் பீமார் ஹை”, கொஞ்சம் இடம் கொடுங்கள், அக்காவுக்கு உடம்பு சரியில்லை, என்று கேட்டேன். என்ன வியாதி என்று அவள் கேட்டாள். இதயத்தில் என்றேன். பக்கத்தில் இருந்தவள் உடனே, “ஸப் ஐஸாஹீ போல்தா ஹை. டி.பி. ஹோகா” என்றாள், எல்லாரும் இப்படித்தான் சொல்வார்கள், டி.பி.யாக இருக்கும் என்று. அவ்வளவுதான். சிவ்ரீயில் டி.பி. ஆஸ்பத்திரி இருக்கிற லைன் அது. அந்த ஒரு வார்த்தைக்கு அந்த பெஞ்சே முந்தானையை எடுத்து மூக்கில் வைத்துக்கொண்டது. நோயாளியை வீட்டில் வைக்காமல் ஏன் வண்டியில் கொண்டுவருகிறாய் என்று முதலில் கேட்டவளே என்னை அதட்டினாள். இடம் கிடைக்கவில்லை. சுற்றி நின்றவர்கள் விலகிக்கொண்டதால் காற்று மட்டும் கிடைத்தது.

ஆஸ்பத்திரி வாசலில் நான் அழுதேன். அக்கா அழவில்லை.

“ஏளா, ஒருத்தி சொன்னா எல்லாரும் சொன்னதாயிருமா? அந்தப் பக்கம் இருந்தவகிட்ட கேட்டிருந்தா குடுத்திருப்பா” என்றாள்.

“இனி ஒருத்திகிட்டயும் ஒண்ணும் கேக்க மாட்டேன். செத்தாலும் கேக்க மாட்டேன்.”

“உனக்கு மூக்குக்கு மேல கோவம். உன்னயக் கட்டப்போறவன் என்ன பாடுபடப் போறானோ!”

வீட்டில் இதைச் சொன்னதும் அப்பாவின் முகம் சுருங்கிப்போனது. ஒர்க்‌ஷாப்பில் யாரிடமோ விசாரித்துக்கொண்டு வந்து, அவர்தான் ரிட்டர்ன் அடிக்கிற வித்தையைச் சொல்லிக்கொடுத்தார். “யாருகிட்டயும் போய் பல்லக் காட்டிக்கிட்டு நிக்க வேண்டாம். மான்கூர்டுக்குப் போங்க, ஒங்க எடத்துல நீங்க இருங்க” என்றார். செம்பூரில் குடியிருக்கிற எங்கள் இரண்டு பேருக்கும் மான்கூர்டிலிருந்தே பாஸ் எடுத்துக் கொடுத்தார். அங்கே போய்த் திரும்புகிறவர்களில் பாதிப் பேரிடம் அந்தப் பாஸ் இருக்காது. டிக்கெட் பரிசோதகர் வந்தால் பேந்தப் பேந்த விழிப்பார்கள். என் அப்பாவின் மகள்களுக்கு அந்த அவமானமும் வரக்கூடாது. எங்கள் வீட்டில் யாரும் யாரிடமும் எதுவும் கேட்பதில்லை என்பதில் அப்பாவுக்கு ஒரு பெருமை இருந்தது. எனக்கு அது அப்பாவைவிட இரண்டு மடங்கு இருந்தது. அக்காவுக்கு மட்டும் அது எப்படியோ ஒட்டவே இல்லை.

மான்கூர்டை இப்போது பார்க்கிறவர்களுக்கு நான் சொல்வது நம்பும்படி இருக்காது. அப்போது அது பம்பாயே இல்லை. நீளமாக ஒரு பிளாட்பாரம், அதன் இரண்டு பக்கமும் ஒவ்வொரு லைன், பாதி தூரத்துக்குத் தகரக் கூரை, ஒரு டீக்கடை. பிளாட்பாரம் முடிகிற இடத்தில் இரண்டு லைனும் ஒரு மரக்கட்டையில் முட்டிக்கொண்டு நின்றுவிடும். அதற்கு அப்பால் புல், சேறு, உப்பளம். உப்பைக் குவித்து வைத்திருப்பார்கள். இன்னும் தள்ளி கழிமுகத்துத் தண்ணீர் பளபளக்கும். தண்டவாளத்துக்கு நடுவில் எருமை மேயும். வண்டி வந்து நின்றதும் முன்னால் இருந்த டிரைவர் ஒரு பையைத் தூக்கிக்கொண்டு பின்பக்கம் நடப்பார், பின்னால் இருந்த கார்டு முன்பக்கம் நடந்து வருவார். பாதி வழியில் இருவரும் ஒரு வார்த்தை பேசிக்கொள்வார்கள். பத்து நிமிஷம் கழித்து வண்டி கிளம்பும். அந்தப் பத்து நிமிஷம் எனக்குச் சள்ளை. அக்காவுக்கு வாரம் பூராவும் காத்திருந்து கிடைக்கிற திருவிழா.

அவள் மெதுவாக இறங்கிப் பிளாட்பாரத்தில் நிற்பாள். அங்கே ஏறி இறங்கப் படி கிடையாது, மேம்பாலம் கிடையாது, இடிக்கிறவர்கள் கிடையாது. காற்று மட்டும் அடித்துக்கொண்டே இருக்கும். மீன் கூடையோடு வண்டிக்குக் காத்திருக்கிற கோளிப் பெண்களிடம் போய், தெரிந்த நாலு மராத்தி வார்த்தையை வைத்துக்கொண்டு, இது என்ன மீன், எப்போது பிடித்தது, உன் மூக்குத்தி எங்கே வாங்கினது என்று கேட்டுக்கொண்டிருப்பாள். அவர்களும் சலிக்காமல் சொல்வார்கள். ஒருத்தி ஒருநாள் தன் கூடையைக் கவிழ்த்துப் போட்டு, “பைஸ், பைஸ்” என்று அக்காவை அதன்மேல் உட்கார வைத்தாள். மீன் நாற்றம் புடவையில் ஏறி, ஆஸ்பத்திரி வரைக்கும் என் மானம் போனது. நான் திட்டினேன். அவள், “அவளா எடுத்துக் குடுக்கா, வேண்டாங்கச் சொல்லுதியா?” என்றாள்.

கட்டைக்கு அப்பால் போகாத தண்டவாளத்தைப் பார்த்துக்கொண்டு ஒருநாள் சொன்னாள். “ஆபரேஷன் முடிஞ்சு நல்லாயிட்டேன்னா, ஒரு நா இங்ஙன இருந்து வி.டி. வரைக்கும் நின்னுக்கிட்டே போவணும். எடம் காலியாக் கெடந்தாலும் உக்கார மாட்டேன். கதவுகிட்ட நின்னு காத்து வாங்கிக்கிட்டே போவணும்.”

“கிறுக்கு” என்றேன்.

“நீயும் நிக்கணும் எங்கூட.”

“எனக்கென்ன வந்துச்சு? நான் உக்காந்து ஒன்னயப் பாத்துக்கிட்டு வாரேன்.”

அவள் சிரித்துவிட்டு இருமினாள். அந்தச் சிரிப்பு எப்போதும் இருமலில்தான் முடியும்.

ஏழெட்டு மாதம் இப்படியே போனது. மழைக்காலம் வந்து உப்பளமெல்லாம் தண்ணீராகி, மறுபடி காய்ந்தது. அக்காவுக்குக் கால் வீங்க ஆரம்பித்தது. படுத்தால் மூச்சு முட்டுகிறதென்று சுவரில் தலையணையைச் சாத்தி உட்கார்ந்தபடியே தூங்கினாள். இனிமேல் தள்ளிப்போடக் கூடாது என்று டாக்டர் பேப்பரில் எழுதி, அதன் கீழே கோடு போட்டார். பத்து நாளில் ஆஸ்பத்திரியிலிருந்து தபால் கார்டு வந்துவிட்டது. வருகிற திங்கட்கிழமை காலை எட்டரை மணிக்குள் வார்டில் வந்து சேர வேண்டும், வராவிட்டால் பெட் வரிசையில் அடுத்தவருக்குப் போய்விடும் என்று இருந்தது. அப்பா அந்தக் கார்டை மூன்று தடவை என்னை வாசிக்கச் சொல்லிக் கேட்டார். அம்மா அதைச் சாமி படத்துக்கு முன்னால் வைத்துக் குங்குமம் இட்டுவிட்டாள். எட்டரை என்கிற இடத்தில் குங்குமம் பட்டுச் சிவந்திருந்தது.

திங்கட்கிழமை அப்பாவுக்குக் காலை ஷிப்ட். பாதி நாள் லீவு சொல்லிவிட்டு மத்தியானம் நேரே ஆஸ்பத்திரிக்கு வருவதாக ஏற்பாடு. அம்மா படிக்கட்டு வரை வந்து, “பைய ஏறு, பைய எறங்கு. ஏட்டி, அவ கைய விட்டுராத” என்றாள். அக்காவின் துணிமணி, ஒரு டம்ளர், சீப்பு, இரண்டு பழைய வாரப் பத்திரிகை எல்லாம் ஒரு பையில். பை என் தோளில்.

நாங்கள் வழக்கமாகப் போவது ஒன்பது மணியை ஒட்டின வண்டி. அன்றைக்கு ஏழு மணி வண்டி. முந்தின நாளே நான் கணக்குப் போட்டு வைத்திருந்தேன். ஏழேகாலுக்கு மான்கூர்டு, ஏழரைக்குள் அங்கிருந்து கிளம்பிவிடும், எட்டு மணி சொச்சத்துக்கு இறங்கி பஸ் பிடித்தால் எட்டே காலுக்கு வார்டு. கால் மணி நேரம் கையில். செம்பூரில் எதிர்ப் பிளாட்பாரத்துக்குப் படி ஏறுவதற்குள், இந்தப் பக்கமே வி.டி. வண்டி ஒன்று வந்து நின்றது. கூட்டம் இருந்தது, ஆனால் எட்டரை மணிக் கூட்டம் இல்லை. உள்ளே நிற்க இடம் இருந்தது.

“ஏளா, இதுலயே போயிருவமா? யாருகிட்டயாச்சும் கேட்டா குடுப்பாவ” என்றாள் அக்கா.

“இன்னைக்கு ஒரு நா ஒழுங்கா நாஞ் சொல்லுதபடி வா” என்றேன்.

வந்தாள்.

மான்கூர்டில் வண்டி நின்றது. வழக்கம்போல எல்லாரும் இறங்கினார்கள். நாங்கள் உட்கார்ந்திருந்தோம். அன்றைக்கு அவளால் இறங்கி நிற்க முடியவில்லை. செம்பூர் ஸ்டேஷன் படி ஏறி இறங்கினதிலேயே இளைத்துப்போயிருந்தாள். ஜன்னல் கம்பியில் கன்னத்தை வைத்துக்கொண்டாள். கொஞ்ச நேரத்தில் பிளாட்பாரத்தின் மறுபக்கத்து லைனில் இன்னொரு வண்டி வந்து நின்றது. ஜனங்கள் அதில் ஏற ஆரம்பித்தார்கள். கோளிப் பெண்கள் கூடையைத் தூக்கிக்கொண்டு அதற்கு ஓடினார்கள். எங்கள் வண்டியில் ஒருவரும் ஏறவில்லை. எனக்கு அதில் சந்தோஷம்! கேளுங்கள், சந்தோஷம்! “பாத்தியா, இன்னைக்குப் பெட்டி முழுக்க நமக்குத்தான். கால நீட்டிக்கோ” என்று அவள் காலைத் தூக்கி எதிர் பெஞ்சில் வைத்தேன்.

அக்கா அந்த வண்டியையே பார்த்துக்கொண்டிருந்தாள். “எல்லாரும் அதுலல்லா ஏறுதாவ. நம்ம வண்டி போவுமா?”

“அதுக்கு அடுத்தது நம்மது.”

“யாருகிட்டயாச்சும் கேளேன். அந்தா அந்த மீன்காரி நிக்கா. கூப்பிடு, நான் கேக்கேன்.”

“நீ பேசாம இரு அக்கா, மூச்சு வாங்கப்போவுது” என்றேன். எனக்கு எல்லாம் தெரியும் அல்லவா! எட்டு மாதமாக ரிட்டர்ன் அடிக்கிறவள் அல்லவா! நான் போய் ஒரு மீன்காரியிடம் வண்டி போகுமா என்று கேட்பதா? நான் அக்காவைப் பார்த்துப் பேசிக்கொண்டிருக்கும்போதே அந்த வண்டி ஊதிவிட்டுக் கிளம்பியது. கதவில் நின்ற ஒரு பெண் எங்களைப் பார்த்துக் கையை ஆட்டி என்னமோ சொன்னாள். நான் அவளைப் பார்த்துச் சிரித்தேன்.

அப்புறம் கூரைமேல் டக்கென்று ஒரு சத்தம். விளக்கு அணைந்தது. பெட்டிக்கு அடியில் எப்போதும் உறுமிக்கொண்டிருக்கும் மோட்டார் சத்தம் நின்றது. அந்த அமைதியில் அக்காவின் மூச்சு இழுக்கிற சத்தம் எனக்குத் தெளிவாகக் கேட்டது. டிரைவர் பையைத் தூக்கிக்கொண்டு வெளியே போகிற வழியில் நடந்தார். பின்பக்கம் போகவில்லை. ஒரு பெண்பிள்ளை துடைப்பமும் வாளியுமாகப் பெட்டியில் ஏறி, எங்களைப் பார்த்துத் திகைத்து நின்றாள். “உத்ரா, பாய். ஹீ காடீ ஆத்தா ஜாத் நாஹீ” என்றாள். இறங்குங்கள், இந்த வண்டி இப்போது போகாது. காலையில் இந்த ஒரு வண்டி மட்டும் இங்கேயே நின்று, பெருக்கிக் கழுவின பிறகு ஒன்பது மணிக்குத்தான் கிளம்புமாம். அந்த நேரத்துக்கு வந்து போகிறவர்கள் அத்தனை பேருக்கும் அது தெரியும். போன வண்டிதான் போக வேண்டிய வண்டி. அடுத்தது எப்போது என்று கேட்டேன். இப்போது கேட்டேன். இனி அரை மணி ஆகும் என்றாள்.

நான் வெளியே ஓடினேன். டாக்ஸி ஏதாவது நிற்குமா என்று பார்த்தேன். மண் ரோட்டில் ஒரு மாட்டு வண்டி உப்பு மூட்டையோடு போய்க்கொண்டிருந்தது. திரும்பி ஓடிவந்தேன். அக்கா தானே பையை எடுத்துக்கொண்டு இறங்கி, பிளாட்பாரத்தைக் கடந்து, மறுபக்கம் கீழே உட்கார்ந்திருந்தாள். அந்தத் துடைப்பக்காரி அவளுக்குக் குடிக்கத் தண்ணீர் கொடுத்துக்கொண்டிருந்தாள். நான் தலையில் அடித்துக்கொண்டேன். வாய்விட்டுக் கத்தினேன். யாரைத் திட்டினேன் என்று எனக்கே தெரியாது.

“ஏளா, சும்மாரு. அரை மணி நேரந்தான, பாத்துக்கிடலாம்” என்றாள் அக்கா. அவள் கை குளிர்ந்திருந்தது.

நாங்கள் வார்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது ஒன்பது அடிக்கப் பத்து நிமிஷம். வாசலில் இருந்த மலையாள நர்ஸுக்குப் புதன்கிழமைகளில் பார்த்து எங்களை நன்றாகத் தெரியும். எங்களைப் பார்த்ததும் அவள் கையில் இருந்த பேப்பரை மேஜைமேல் வைத்துவிட்டாள். “ஐயோ மோளே, எட்டே முக்கால் வரைக்கும் நான் யாரையும் கூப்பிடாம வச்சிருந்தேன். இப்பத்தான்... இப்பத்தான் அந்தக் குட்டியை உள்ளே எடுத்தது” என்றாள். டாக்டரிடம் போய்ச் சொன்னாள். அவர் வெளியே வந்து அக்காவின் நாடியைப் பிடித்துப் பார்த்தார். மருந்து எழுதிக்கொடுத்தார். நாலு வாரத்தில் அடுத்த பெட், உங்கள் பேரை முதலில் வைக்கிறேன் என்றார். சத்தம் போட்டிருந்தால் எனக்கும் சண்டை போட வசதியாக இருந்திருக்கும். அவர் சத்தமே போடவில்லை.

வெளியே பெஞ்சில் உட்கார்ந்து அப்பாவுக்காகக் காத்திருந்தோம். பக்கத்தில் ஒரு தமிழ்க்கார அம்மாள் வந்து உட்கார்ந்தாள். அம்பர்நாத்தில் அவள் வீட்டுக்காரருக்குப் பாக்டரி வேலையாம். மகளுக்குப் பன்னிரண்டு வயது, இதே வியாதி. தினமும் விடியற்காலையில் கிளம்பி வந்து, யாராவது வராமல் போவார்களா என்று ஒரு வாரமாக வாசலில் காத்துக்கிடந்தார்களாம். யாரிடமாவது சொல்லாவிட்டால் அவளுக்கு நெஞ்சு வெடித்துவிடும் போலிருந்தது. அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“சாமி கண்ணத் தொறந்துருச்சுங்க. இன்னிக்கி யாரோ ஒருத்தங்க வரலீங்களாம். எம் புள்ளைக்கிக் கெடச்சிருச்சுங்க” என்றாள்.

நான் எழுந்துவிட்டேன். என்ன சொல்லியிருப்பேனோ தெரியாது. அக்கா என் பாவாடையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தாள். அந்த அம்மாளைப் பார்த்து, “நல்லதுக்கா. பிள்ள எத்தனாங் கிளாஸ் படிக்கா?” என்று கேட்டாள். அந்தப் பிள்ளைக்கு என்ன பிடிக்கும், முடி எவ்வளவு நீளம், பயந்தாளா என்றெல்லாம் விசாரித்தாள். பையிலிருந்து இரண்டு வாரப் பத்திரிகையையும் எடுத்து, படித்துக்காட்டச் சொல்லி அவளிடம் கொடுத்துவிட்டாள். எனக்கு அக்காவின்மேல் அப்படி ஒரு ஆத்திரம் வந்தது. இன்றுவரை அந்த ஆத்திரத்துக்கு என்ன பேர் என்று எனக்குத் தெரியவில்லை.

அப்பா ஃபிளாஸ்கில் காப்பியோடு வந்தார். பெஞ்சில் இரண்டு பேரையும் பார்த்ததும் நின்றுவிட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் அக்கா சொல்லிவிட்டாள். “வண்டி லேட்டுப்பா. கொஞ்ச நேரத்துல தப்பிப்போச்சு. நாலே வாரந்தானாம்.” அப்பா என் முகத்தைப் பார்த்தார். நான் தலையை ஆட்டினேன். அந்தத் தலையாட்டல்தான் நான் என் அப்பாவுக்குச் சொன்ன மிகப் பெரிய பொய். வீட்டுக்குப் போகிற வழியில் அவள் என் காதருகே, “நம்ம ரெண்டு பேருக்கும் தெரிஞ்சது போதும், என்ன?” என்றாள்.

நாலு வாரம் என்று டாக்டர் சொன்னது அக்காவின் இதயத்துக்குத் தெரியவில்லை. மூன்றாவது வாரம், வியாழக்கிழமை மத்தியானம். நான் தாதரில் கிளாஸில் இருந்தேன். அன்றைக்குத்தான் முதல்முறையாக ஒரு பக்கம் முழுக்கத் தப்பில்லாமல் டைப் அடித்து, மாஸ்டரிடம் நல்ல பேர் வாங்கியிருந்தேன். அக்காவிடம் காட்டலாம் என்று அந்தத் தாளை மடித்துக் கொண்டுவந்தேன். எங்கள் வாசலில் நிறையச் செருப்பு கிடந்தது. சாலில் இருக்கிற அத்தனை பேரின் செருப்பும் கிடந்தது. நெஞ்சுக்குள் தண்ணீர் கோத்துக்கொண்டு விட்டதாம். அம்மா அவளை மடியில் சாய்த்துப் பிடித்துக்கொண்டே இருந்தாளாம். “தங்கச்சி வந்துட்டாளா” என்று அக்கா இரண்டு தடவை கேட்டாளாம். நான் வரவில்லை.

அதற்குப் பிறகு அப்பா ரயிலைத் திட்ட ஆரம்பித்தார். அதுவரை அவர் எதையும் திட்டிப் பார்த்ததில்லை. வண்டி இரண்டு நிமிஷம் தாமதமானாலும், “பாவிப்பயலுவ, ஒரு உசிரக் கொண்டுபோனது பத்தாதா?” என்பார். யார் வீட்டுக்கு வந்தாலும், வண்டி லேட்டானதால் மகள் போய்விட்ட கதையைச் சொல்வார். நான் அடுப்பங்கரையில் நின்று கேட்டுக்கொண்டிருப்பேன். நூறு தடவை சொல்லியிருப்பார். நூறு தடவையும் வாய்வரை வரும். அவர் கண்ணை மூடும் வரை சொல்லவில்லை. அம்மாவிடமும் சொல்லவில்லை. அக்கா போதும் என்று சொன்னதால் இல்லை. பயம்.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து நான் மறுபடி கிளாஸுக்குக் கிளம்பினேன். எதிர்ப் பிளாட்பாரத்துக்குப் போகக் கால் வரவில்லை. இனி யாருக்காக மான்கூர்டு வரை போக வேண்டும்? செம்பூரிலேயே எட்டரை மணி வண்டியில் முட்டிக்கொண்டு ஏறினேன். கூட்டம் என்னைக் கொண்டுபோய் ஒரு பெஞ்சுக்கு எதிரே நிறுத்தியது. ஜன்னலோரத்தில் ஒரு நடுவயது மராட்டிக்கார அம்மாள், மடியில் டிபன் டப்பாவோடு அரைத் தூக்கத்தில் இருந்தாள். நான் ஏன் அப்படிச் செய்தேன் என்று என்னைக் கேட்காதீர்கள். கேட்டுப் பார்க்க வேண்டும் போலிருந்தது. கேட்டால் கொடுத்திருக்க மாட்டார்கள், யாருமே கொடுத்திருக்க மாட்டார்கள் என்று ஒருத்தி வாயால் கேட்டுவிட்டால், அன்றைக்கு நான் செய்தது சரி என்று ஆகிவிடும் அல்லவா? அதற்காக இருக்கும். குனிந்து, “மேரீ பெஹன் பீமார் ஹை. ஜகா தேங்கே க்யா?” என்று இடம் கேட்டேன்.

அவள் கண்ணைத் திறந்தாள். என் முகத்தைப் பார்த்தாள். என்ன வியாதி என்று கேட்கவில்லை. டப்பாவைக் கையில் எடுத்துக்கொண்டு உடனே எழுந்து நின்றுவிட்டாள். பக்கத்தில் இருந்தவளும் கூடக் கொஞ்சம் நகர்ந்து இடத்தை அகலமாக்கினாள். அந்த அம்மாள் என் தோளுக்குப் பின்னால் எட்டி எட்டிப் பார்த்தாள்.

“கிதர் ஹை? புலாவ் நா உஸ்கோ” என்றாள். எங்கே, கூப்பிடு அவளை என்கிறாள்.

கூட்டத்துக்குள் எங்கோ அக்கா மாட்டிக்கொண்டிருக்கிறாள் என்று அவள் நினைத்துவிட்டாள். ஒரு கையால் கம்பியைப் பிடித்துக்கொண்டு, இன்னொரு கையை அந்த இடத்தின்மேல் அகலமாக விரித்து வைத்துக்கொண்டாள். உட்கார வந்தவர்களிடமெல்லாம், பீமாரான பெண் வருகிறாள், பீமாரான பெண் வருகிறாள் என்று சொல்லி விரட்டிக்கொண்டே வந்தாள். குர்லா வந்ததும் நான் இறங்கிவிட்டேன். வண்டி கிளம்பும்போது ஜன்னல் வழியே பார்த்தேன், அவள் இன்னும் உட்காரவில்லை.